முதல் உலகப் போரின் தோற்றம்: கூட்டணிகளும் தேசியவாதமும்

முதல் உலகப் போர் (1914–1918) ஐரோப்பிய வல்லரசுகள் இரண்டு அணிகளாகப் பிரிந்து மோதிக்கொண்ட போர். ஜெர்மனி, ஆஸ்திரியா-ஹங்கேரி, இத்தாலி ஆகியவை 1882இல் அமைத்த மூவர் கூட்டணி ஓர் அணி. பிரான்சு, ரஷ்யா, பிரிட்டன் ஆகியவை 1907க்குள் படிப்படியாக நெருங்கி உருவாக்கிய மூவர் நட்புறவு மற்றோர் அணி. இவற்றைப் பிணைத்த உடன்படிக்கைகள் பெரும்பாலும் தற்காப்பையே நோக்கமாகக் கூறின. ஆயினும் அவை ஒரு வட்டாரப் பூசலை ஐரோப்பா முழுவதற்குமான போராக மாற்றின. ஒரு நாட்டின் பகை அதன் கூட்டாளிகள் அனைவரின் பகையாகவும் ஆகும்படி அவை நடைமுறையில் இயங்கின. பின்வாங்குவதை மானக்கேடாகக் கருதும் மனநிலையைத் தேசியவாதம் வளர்த்திருந்தது. இவ்விரண்டும் சேர்ந்ததே பேரழிவுக்குக் காரணம்.

1871இன் மரபு

இரு அணிகளின் வேர் பிரான்சு-பிரஷ்யப் போரில் (1870–1871) இருக்கிறது. பிரான்சைத் தோற்கடித்த ஜெர்மன் அரசுகள், 1871 ஜனவரி 18 அன்று வெர்சாய் அரண்மனையின் கண்ணாடி மண்டபத்தில் ஜெர்மன் பேரரசைப் பிரகடனம் செய்தன. தோற்ற நாட்டின் அரண்மனையிலேயே நடந்த இந்த விழாவைப் பிரெஞ்சு மக்கள் மறக்கவில்லை. அதே ஆண்டு மே 10 அன்று கையெழுத்தான பிராங்க்ஃபர்ட் உடன்படிக்கைப்படி ஆல்சேஸின் பெரும்பகுதியும், லொரேனின் ஒரு பகுதியும் ஜெர்மனிக்குச் சென்றன. 500 கோடி பிராங்க் போர் இழப்பீடும் விதிக்கப்பட்டது.

இழப்பீட்டைப் பிரான்சு 1873இலேயே செலுத்தி முடித்தது. நில இழப்பு ஆறாத புண்ணாக நின்றது. பாரிசின் கான்கார்டு சதுக்கத்தில் ஸ்ட்ராஸ்பர்க் நகரைக் குறிக்கும் சிலைக்குக் கறுப்புத் துணி போர்த்தப்பட்டது. ஆல்சேஸ் பள்ளிகளில் பிரெஞ்சு மொழி நிறுத்தப்பட்டதைப் பொருளாகக் கொண்ட அல்போன்ஸ் தோதேயின் சிறுகதை 1873இல் நூலாகி, ஒரு தலைமுறையின் பாடமாயிற்று. பிரான்சு பழிதீர்க்க முயலும் என்பதை ஜெர்மன் தலைமையமைச்சர் ஓட்டோ வான் பிஸ்மார்க் தொடக்கம் முதலே கணக்கில் கொண்டார். அதன் பின் அவர் செய்த உடன்படிக்கைகளின் முதன்மை இலக்கு ஒன்றுதான்: பிரான்சுக்குத் துணை கிடைக்கக் கூடாது.

உடன்படிக்கைகளின் வகைகள்

1871க்கும் 1914க்கும் இடையில் வல்லரசுகள் செய்துகொண்ட உடன்பாடுகள் எல்லாம் ஒரே தன்மையுடையவை அல்ல. அவற்றை நான்கு வகையாகப் பிரிக்கலாம்.

முதல் வகை தற்காப்புக் கூட்டணி. கூட்டாளி தாக்கப்பட்டால் படையுடன் துணைக்குச் செல்லும் கடமையை இது விதிக்கிறது. கூட்டாளி தானே தாக்கினால் கடமை இல்லை. 1879ஆம் ஆண்டின் இருவர் கூட்டணியும் 1882ஆம் ஆண்டின் மூவர் கூட்டணியும் இவ்வகையின.

இரண்டாவது நடுநிலை உடன்படிக்கை. ஒரு தரப்பு மூன்றாம் நாட்டுடன் போரிட்டால் மற்றது தலையிடாமல் ஒதுங்கி நிற்க வேண்டும். 1887இல் ஜெர்மனியும் ரஷ்யாவும் செய்த மறுகாப்பு உடன்படிக்கை இதற்குச் சான்று.

மூன்றாவது படைத்துறை ஒப்பந்தம். எத்தனை வீரர், எந்த முனை, எப்போது படைதிரட்டுவது என்பவற்றைத் தளபதிகள் வரையறுப்பது. 1892இல் பிரான்சும் ரஷ்யாவும் வகுத்தது இவ்வகை. நான்கு வகைகளில் மிக ஆபத்தானதும் இதுவே. அரசியல்வாதிகள் ஆலோசிப்பதற்கான கால அவகாசத்தை இது முன்கூட்டியே பறித்துவிடுகிறது.

நான்காவது நட்புறவு உடன்பாடு. குடியேற்ற நாடுகள் பற்றிய பழைய வழக்குகளைத் தீர்த்துக்கொள்வதோடு இதன் எழுத்து நின்றுவிடும். போர்க்கடமை எதுவும் இராது. 1904, 1907 ஆண்டுகளில் பிரிட்டன் செய்தவை இத்தகையவை. எழுத்தில் கடமை இல்லாவிட்டாலும் நடைமுறையில் அவை கூட்டணிகளைப் போலவே இயங்கின.

பெரும்பாலான உடன்படிக்கைகளில் மறைவான விதிகள் இருந்தன. எதிரணி எதற்குக் கட்டுப்பட்டிருக்கிறது என்பது தெரியாததால், ஒவ்வொரு அரசும் மிக மோசமானதையே ஊகித்துக்கொண்டு தன் ஏற்பாடுகளைச் செய்தது.

பிஸ்மார்க்கின் உடன்படிக்கைகள் (1873–1890)

பிஸ்மார்க்கின் முதல் ஏற்பாடு, 1873இல் ஜெர்மனி, ஆஸ்திரியா-ஹங்கேரி, ரஷ்யா ஆகிய மூன்று பேரரசுகளை இணைத்த மூன்று பேரரசர் சங்கம். பால்கன் தீபகற்பம் இதைச் சிதைத்தது. உதுமானியப் பேரரசின் பிடி தளர்ந்துவந்த அப்பகுதியில் ரஷ்யாவும் ஆஸ்திரியாவும் செல்வாக்குத் தேடின. 1877–1878 போரில் உதுமானியரை வென்ற ரஷ்யா ஒரு பெரிய பல்கேரியாவை உருவாக்க முனைந்தது. 1878 ஜூன், ஜூலை மாதங்களில் கூடிய பெர்லின் மாநாடு அதைச் சுருக்கியது. செர்பியா, மாண்டினீக்ரோ, ருமேனியா ஆகியவற்றின் விடுதலையை ஏற்றுக்கொண்ட அம்மாநாடு, பாஸ்னியா-ஹெர்சகோவினாவை ஆட்சி செய்யும் உரிமையை ஆஸ்திரியா-ஹங்கேரியிடம் ஒப்படைத்தது. வெற்றியின் பலனை இழந்த ரஷ்யா, தலைமை தாங்கிய பிஸ்மார்க்கின் மீது சினங்கொண்டது.

ரஷ்யாவின் மனக்கசப்பைக் கண்ட பிஸ்மார்க் 1879 அக்டோபர் 7 அன்று ஆஸ்திரியா-ஹங்கேரியுடன் இருவர் கூட்டணி அமைத்தார். ரஷ்யா எவரைத் தாக்கினாலும் மற்றவர் முழுப் படையுடன் உதவ வேண்டும்; வேறொரு நாடு தாக்கினால் நட்புடன் கூடிய நடுநிலை போதும்; அந்நாட்டுக்கு ரஷ்யா துணை நின்றால் முழு உதவிக் கடமை மீண்டும் உயிர் பெறும். ரஷ்ய ஜாரின் உறவினரான ஜெர்மன் பேரரசர் முதலாம் வில்லியம் இதற்குத் தயக்கத்துடனேயே இசைந்தார். 1888 வரை இதன் வாசகம் வெளியிடப்படவில்லை. 1918 வரை முறியாமல் நீடித்த இந்தக் கூட்டணியே பின்னர் ஜெர்மனியைப் பால்கன் பூசலுக்குள் இழுத்த கயிறு.

1881இல் மூன்று பேரரசர் உடன்பாடு புதுப்பிக்கப்பட்டது. அதே ஆண்டு செர்பியா மறைவான உடன்படிக்கை ஒன்றின் மூலம் ஆஸ்திரியாவின் செல்வாக்குக்குள் வந்தது. வடக்கு ஆப்பிரிக்காவின் துனிசியாவைப் பிரான்சு கைப்பற்றியதும் அவ்வாண்டிலேயே. அதன் மீது கண் வைத்திருந்த இத்தாலி ஏமாற்றமடைந்து ஜெர்மனியை நாடியது. இதன் விளைவாக 1882 மே 20 அன்று மூவர் கூட்டணி பிறந்தது. காரணமின்றிப் பிரான்சு இத்தாலியைத் தாக்கினால் மற்ற இருவரும், ஜெர்மனியைத் தாக்கினால் இத்தாலியும் துணைக்கு வருவது என்றும், இரண்டு அல்லது அதற்கு மேற்பட்ட வல்லரசுகள் தாக்கினால் மூவரும் சேர்ந்து போரிடுவது என்றும் முடிவாயிற்று. இத்தாலியர் வாழும் திரெண்டினோ, திரியெஸ்தே பகுதிகள் ஆஸ்திரியாவிடம் இருந்ததால், இந்தக் கூட்டணி தொடக்கத்திலேயே பலவீனமானது. ஆயினும் அது 1887, 1891, 1902, 1912 ஆண்டுகளில் புதுப்பிக்கப்பட்டது. 1883இல் ருமேனியாவும் மறைவாக இந்த அணியுடன் இணைந்தது.

பல்கேரியா பற்றிய சச்சரவில் மூன்று பேரரசர் உடன்பாடு 1887இல் காலாவதியாயிற்று. அதற்கு ஈடாக அவ்வாண்டு ஜூன் 18 அன்று பிஸ்மார்க் ரஷ்யாவுடன் மறுகாப்பு உடன்படிக்கை செய்தார். ஜெர்மனி பிரான்சைத் தாக்கினாலோ ரஷ்யா ஆஸ்திரியாவைத் தாக்கினாலோ தவிர, இருவரும் ஒருவர் போரில் மற்றவர் தலையிடாமல் இருப்பர். ஆஸ்திரியத் தலைநகர் வியன்னாவுக்கு ஒரு வாக்கும் ரஷ்யத் தலைநகர் பீட்டர்ஸ்பர்குக்கு ஒரு வாக்கும் கொடுத்து இரண்டையும் காத்து நிற்பது பிஸ்மார்க்கின் திறமையால் மட்டுமே நடந்தது. 1890 மார்ச்சில் அவரைப் பதவி விலகச் செய்த ஜெர்மன் பேரரசர் (கெய்சர்) இரண்டாம் வில்லியமின் அரசு, அந்த உடன்படிக்கையைப் புதுப்பிக்க மறுத்தது. ஐரோப்பாவின் அமைதியைக் குலைத்த முதல் பெரும் பிழை இது.

எதிரணி உருவாதல் (1890–1907)

தனித்துவிடப்பட்ட ரஷ்யாவும் தனிமையில் இருந்த பிரான்சும் ஒன்றை ஒன்று நாடின. இதற்குப் பணம் வழி திறந்தது. 1887இல் ரஷ்யக் கடன் பத்திரங்களின் மீது கடன் கொடுக்க ஜெர்மன் மைய வங்கிக்குப் பிஸ்மார்க் தடை விதிக்கவே, ரஷ்யா பாரிசின் பணச்சந்தைக்குத் திரும்பியது. 1914க்குள் பிரான்சின் வெளிநாட்டு முதலீட்டில் ஏறத்தாழக் கால்பங்கு ரஷ்யாவில் இருந்தது. 1891இல் பிரெஞ்சுக் கடற்படை கிரான்ஸ்டாட் துறைமுகத்துக்கு வந்தபோது, தம் நாட்டில் தடை செய்யப்பட்டிருந்த புரட்சிப் பாடலான பிரெஞ்சு நாட்டுப்பண்ணுக்கு ஜார் மூன்றாம் அலெக்சாண்டர் எழுந்து நின்றார்.

1892 ஆகஸ்டில் வரையப்பட்ட பிரெஞ்சு-ரஷ்யப் படைத்துறை ஒப்பந்தம் 1894 ஜனவரியில் நடைமுறைக்கு வந்தது. ஜெர்மனி தாக்கினால் பிரான்சு 13 இலட்சம் வீரரையும் ரஷ்யா 7 முதல் 8 இலட்சம் வீரரையும் ஜெர்மனிக்கு எதிராக நிறுத்த வேண்டும். மூவர் கூட்டணியின் ஏதேனும் ஒரு நாடு படைதிரட்டினாலே இரு நாடுகளும் உடனே படைதிரட்ட வேண்டும் என்றும் அது விதித்தது. மூவர் கூட்டணி நீடிக்கும் வரை இதுவும் நீடிக்கும். கிழக்கிலும் மேற்கிலும் ஒரே நேரத்தில் போரிட நேரும் என்ற ஜெர்மனியின் அச்சம் இதனால் மெய்யாயிற்று.

பிரிட்டன் நெடுங்காலம் எந்த அணியிலும் சேரவில்லை. 1898, 1900 ஆண்டுகளின் கடற்படைச் சட்டங்கள் வழியாக ஜெர்மன் கடற்படைத் தளபதி டிர்பிட்ஸ் போர்க்கப்பல்களைப் பெருக்கத் தொடங்கியதும் அது கலங்கியது. 1902இல் ஜப்பானுடன் கூட்டணி அமைத்தது. 1904 ஏப்ரல் 8 அன்று பிரான்சுடன் நட்புறவு உடன்பாடு செய்து, எகிப்தில் தனக்கும் மொராக்கோவில் பிரான்சுக்கும் தடையில்லை என முடிவு செய்தது. 1907 ஆகஸ்ட் 31 அன்று ரஷ்யாவுடன் பாரசீகம், ஆப்கானிஸ்தானம், திபெத்து பற்றிய உடன்பாட்டுக்கு வந்தது. பாரசீகத்தின் வடக்கு ரஷ்யாவுக்கும் தென்கிழக்கு பிரிட்டனுக்கும் உரிய செல்வாக்கு மண்டலங்களாயின. பாரசீகரின் ஒப்புதல் கேட்கப்படவில்லை. இந்தியாவின் வடமேற்கு எல்லையைப் பற்றிய பிரிட்டனின் நீண்டகாலக் கவலையும் இதன் பின்னணியில் இருந்தது. 1912இல் பிரான்சு தன் கடற்படையை மத்தியதரைக் கடலில் குவிக்க, பிரிட்டன் தன் பலத்தை வட கடலில் குவித்தது. பிரான்சின் வட கடற்கரையைக் காக்கும் பொறுப்பு, எந்த உடன்படிக்கையும் இல்லாமலே பிரிட்டன் மீது விழுந்தது.

தேசியவாதத்தின் நான்கு வடிவங்கள்

கூட்டணிகள் அரசவைகளில் பிறந்தவை. அவற்றுக்கு உணர்ச்சி வேகத்தைத் தந்தது, கட்டாயப் பள்ளிக் கல்வியும் மலிவு விலைச் செய்தித்தாளும் கட்டாயப் படைச்சேவையும் பரப்பிய தேசியவாதம். அது நான்கு வடிவங்களில் இயங்கியது.

முதலாவது பழிதீர்க்கும் தேசியம். 1882இல் பிரான்சில் தோன்றிய நாட்டுப்பற்றாளர் சங்கம் ஆல்சேஸ்-லொரேன் மீட்பைத் தன் குறிக்கோளாக அறிவித்தது. இத்தாலியில் ஆஸ்திரியாவிடமிருந்த நிலங்களைக் கோரிய இயக்கமும் இவ்வகையே.

இரண்டாவது வல்லரசுப் பெருமித தேசியம். 1891இல் உருவான அகில ஜெர்மன் சங்கம், உலகில் ஜெர்மனிக்கு உரிய இடம் மறுக்கப்படுவதாகப் பரப்புரை செய்தது. கடற்படைச் சங்கங்கள் ஜெர்மனியிலும் பிரிட்டனிலும் இலட்சக்கணக்கானோரைத் திரட்டின.

மூன்றாவது இனக்குழுக் கூட்டு தேசியம். ஸ்லாவிய மக்கள் அனைவரையும் ரஷ்யாவின் பாதுகாப்பில் உள்ள ஒரே குடும்பமாகக் கண்ட அகில ஸ்லாவியக் கருத்து, பால்கன் ஸ்லாவியரின் விவகாரங்களில் ரஷ்யா ஒதுங்கி நிற்க முடியாத நிலையை உண்டாக்கியது.

நான்காவது, மிக வீரியமானது, விடுதலை தேசியம். இதன் களம் ஆஸ்திரியா-ஹங்கேரி. 1867 உடன்பாட்டின் மூலம் இரட்டை முடியரசாக மாறிய அந்நாட்டில் 1910இல் சுமார் 5 கோடி மக்கள் வாழ்ந்தனர். ஆட்சி செலுத்திய ஜெர்மானியரும் மகியாரும் (ஹங்கேரியர்) சேர்ந்தும் அதில் பாதியை எட்டவில்லை. செக், சுலோவாக், போலிஷ், உக்ரேனிய, ருமேனிய, குரோஷிய, செர்பிய, சுலோவேனிய, இத்தாலிய மக்கள் எஞ்சியோர். 1897இல் பொஹீமியாவில் அரசு அலுவலர்கள் ஜெர்மன், செக் இரு மொழிகளும் அறிந்திருக்க வேண்டும் என்று பிரதமர் பதேனி ஆணையிட்டபோது, வீதிகளிலும் நாடாளுமன்றத்திலும் கலவரம் மூண்டு அவர் பதவி இழந்தார். ஹங்கேரியின் 1907 கல்விச் சட்டம் மகியார் அல்லாத பள்ளிகளை நசுக்கியது. தம் மொழிக்கும் மரபுக்கும் மதிப்புக் கேட்ட மக்களுக்கு உரிய உரிமைகளை வழங்கியிருந்தால் அப்பேரரசு உயிர் பிழைத்திருக்கக் கூடும். அதைச் செய்யாமல், எல்லைக்கு அப்பாலிருந்த செர்பியாவை எல்லாக் கேட்டுக்கும் மூலமாகக் கண்டது.

செர்பியாவில் 1903இல் படை அதிகாரிகள் அரசர் அலெக்சாண்டரையும் அரசியையும் கொன்றனர். ஆஸ்திரியச் சார்புடைய ஒப்ரெனோவிச் மரபு அத்துடன் மறைந்து, ரஷ்யச் சார்புடைய கரஜோர்ஜேவிச் மரபு அரியணை ஏறியது. 1906இல் ஆஸ்திரியா செர்பியப் பன்றி இறக்குமதியைத் தடுத்தது. செர்பியா வேறு சந்தைகளைத் தேடிக்கொண்டு பணிய மறுத்தது. 1911இல், கொலைச்சதியில் முன்பு பங்கேற்ற திராகுத்தின் திமித்ரியேவிச் முதலிய அதிகாரிகள் ‘கறுப்புக் கை’ எனப்பட்ட இரகசியச் சங்கத்தை அமைத்தனர். செர்பியர் அனைவரையும் ஒன்றிணைப்பதே அதன் நோக்கம்.

நெருக்கடிகளின் தொடர் (1905–1913)

1905 மார்ச் 31 அன்று கெய்சர் மொராக்கோவின் தாஞ்சியர் நகரில் இறங்கி, அந்நாட்டுச் சுல்தானின் தன்னுரிமையை ஆதரித்துப் பேசினார். பிரிட்டனையும் பிரான்சையும் பிரிக்க நினைத்த முயற்சி, 1906 அல்ஜெசிராஸ் மாநாட்டில் ஜெர்மனியையே தனிமைப்படுத்தியது. 1911 ஜூலையில் ‘பாந்தர்’ என்ற ஜெர்மன் பீரங்கிப் படகு அகாதீர் துறைமுகத்தில் தோன்றியது. அதுவும் எதிரணியின் பிணைப்பை இறுக்குவதிலேயே முடிந்தது.

1908 அக்டோபரில் ஆஸ்திரியா-ஹங்கேரி பாஸ்னியா-ஹெர்சகோவினாவை முறையாக இணைத்துக்கொண்டது. ஜப்பானிடம் 1905இல் தோற்று வலுவிழந்திருந்த ரஷ்யா, 1909 மார்ச்சில் ஜெர்மனி விடுத்த மிரட்டலுக்குப் பின் இதை ஏற்றது. இனியொரு முறை தலைகுனிவதில்லை என்ற உறுதி பீட்டர்ஸ்பர்கில் வேரூன்றியது. 1912–1913இன் இரு பால்கன் போர்களில் செர்பியா ஏறத்தாழ இருமடங்காக விரிந்தது. அது கடலை எட்டுவதைத் தடுக்க ஆஸ்திரியா அல்பேனியாவின் உருவாக்கத்தை வலியுறுத்தியது. 1913 அக்டோபரில் ஆஸ்திரியாவின் இறுதி எச்சரிக்கைக்குப் பணிந்து செர்பியப் படைகள் அல்பேனியாவை விட்டு வெளியேறின. மிரட்டினால் காரியம் ஆகும் என்ற தவறான பாடத்தை வியன்னா இதிலிருந்து கற்றது.

படைதிரட்டல் திட்டங்கள்

இலட்சக்கணக்கான வீரர்களை இரயில் வழியே எல்லைக்குக் கொண்டுசெல்லும் கால அட்டவணைகளை எல்லா நாடுகளும் வகுத்திருந்தன. ஜெர்மன் தளபதி ஷ்லீஃபனின் சிந்தனைப்படி, பெல்ஜியம் வழியாகப் புகுந்து ஏறக்குறைய 6 வாரங்களில் பிரான்சை வீழ்த்திவிட்டு, மெல்லப் படைதிரட்டும் ரஷ்யாவை நோக்கித் திரும்ப வேண்டும். ரஷ்யாவை மட்டும் எதிர்கொள்ளும் மாற்றுத் திட்டத்தை ஜெர்மனி 1913இல் கைவிட்டது. இதனால் ரஷ்யாவுடன் எங்கு தகராறு எழுந்தாலும் பெல்ஜியமும் பிரான்சும் தாக்கப்படும் நிலை உருவாயிற்று. 1913இல் ஜெர்மனி படையைப் பெருக்க, பிரான்சு படைச்சேவையை மூன்று ஆண்டுகளாக நீட்டியது.

1914 ஜூலை

1914 ஜூன் 28 அன்று பாஸ்னியத் தலைநகர் சாரயேவோவில், ஆஸ்திரிய முடிக்குரிய இளவரசர் பிரான்ஸ் பெர்டினாண்டையும் அவர் மனைவி சோஃபியையும் 19 வயது பாஸ்னியச் செர்பியரான காவ்ரிலோ பிரின்சிப் சுட்டுக் கொன்றார். கொலையாளிகளுக்கு ஆயுதம் தந்தவர்கள் கறுப்புக் கையைச் சேர்ந்தவர்கள். ஜூலை 5, 6 தேதிகளில் செர்பியாவைத் தண்டிக்க ஆஸ்திரியாவுக்கு நிபந்தனையற்ற ஆதரவை ஜெர்மனி உறுதி செய்தது. போரைப் பெரும்போராக்கிய முடிவு இதுவே.

ஜூலை 23 அன்று 48 மணி நேரக் கெடுவுடன் ஆஸ்திரியா விடுத்த இறுதி எச்சரிக்கையில் 10 கோரிக்கைகள் இருந்தன. செர்பியா பெரும்பாலானவற்றை ஏற்று, தன் மண்ணில் நடக்கும் விசாரணையில் ஆஸ்திரிய அதிகாரிகள் பங்கேற்பதை மட்டும் மறுத்தது. பிரிட்டிஷ் வெளியுறவு அமைச்சர் எட்வர்டு கிரே முன்மொழிந்த நான்கு வல்லரசு மாநாட்டை ஜெர்மனி ஏற்கவில்லை. ஜூலை 28 அன்று ஆஸ்திரியா செர்பியா மீது போர் அறிவித்தது. ஜூலை 30 அன்று ரஷ்யா முழுப் படைதிரட்டலுக்கு ஆணையிட்டது. ஜெர்மனி ஆகஸ்ட் 1 அன்று ரஷ்யா மீதும் ஆகஸ்ட் 3 அன்று பிரான்சு மீதும் போர் அறிவித்தது. ஆகஸ்ட் 1 மாலையில் படைகளைக் கிழக்கே மட்டும் திருப்பக் கெய்சர் விரும்பியபோது, அட்டவணையை மாற்ற இயலாது எனத் தளபதி மோல்ட்கே மறுத்தார். ஆகஸ்ட் 4 அன்று ஜெர்மன் படை பெல்ஜியத்துக்குள் புகுந்தது. 1839 இலண்டன் உடன்படிக்கையில் பெல்ஜிய நடுநிலைமைக்கு உறுதி கூறியிருந்த பிரிட்டன் அன்றிரவே போரில் இறங்கியது.

போரைத் தடுக்கும் என நம்பப்பட்ட சோசலிச இயக்கமும் தேசிய உணர்வின் முன் தோற்றது. பிரெஞ்சுச் சோசலிசத் தலைவர் ஜான் ஜொரே ஜூலை 31 அன்று ஒரு தேசியவாதியால் கொல்லப்பட்டார். ஜெர்மன் நாடாளுமன்றத்தின் மிகப் பெரிய கட்சியான சமூக ஜனநாயகக் கட்சி ஆகஸ்ட் 4 அன்று போர்க்கடனுக்கு ஆதரவாக வாக்களித்தது.

போர் உலகெங்கும் பரவியது

ஜப்பான் 1914 ஆகஸ்டிலும், உதுமானியப் பேரரசு அவ்வாண்டு இறுதியிலும் போரில் சேர்ந்தன. ஆஸ்திரியா தற்காப்புப் போர் செய்யவில்லை என்று வாதிட்டு ஒதுங்கியிருந்த இத்தாலி, நிலம் தருவதாக மூவர் நட்புறவு நாடுகள் இலண்டனில் மறைவாக அளித்த வாக்கை நம்பி 1915 மே மாதம் ஆஸ்திரியாவுக்கு எதிராகத் திரும்பியது. பல்கேரியா 1915இலும் ருமேனியா 1916இலும் அமெரிக்கா 1917இலும் சேர்ந்தன. பிரிட்டனின் போர் அறிவிப்பு இந்தியாவையும் கேட்காமலே கட்டுப்படுத்தியது. 10 இலட்சத்துக்கும் மேற்பட்ட இந்திய வீரர் கடல் கடந்து சென்றனர். 70,000க்கும் மேற்பட்டோர் இறந்தனர். 1914 செப்டம்பர் 22 இரவு ஜெர்மன் போர்க்கப்பல் எம்டன் சென்னைத் துறைமுகத்தின் எண்ணெய்க் கிடங்குகளைக் குண்டு வீசி எரித்தது.

பொறுப்பும் பின்விளைவும்

1919 வெர்சாய் உடன்படிக்கையின் 231ஆம் பிரிவு, போர் இழப்புகளுக்கான பொறுப்பை ஜெர்மனி, அதன் கூட்டாளிகள் மீது சுமத்தியது. ஜெர்மன் வரலாற்றாசிரியர் ஃபிரிட்ஸ் ஃபிஷர் 1961இல் வெளியிட்ட நூல், ஜெர்மன் தலைமையின் விரிவாக்க நோக்கத்தை ஆவணங்களால் காட்டியது. பொறுப்பு எல்லாத் தலைநகரங்களிலும் பரவிக் கிடந்தது எனக் கிறிஸ்டோபர் கிளார்க் 2012இல் எழுதினார். பெர்லினும் வியன்னாவும் எடுத்த முடிவுகளே தலையாயவை என்பதை இது மாற்றவில்லை.

போரில் ஏறத்தாழ 90 இலட்சம் முதல் 1 கோடி வரையிலான வீரர் மாண்டனர். ஜெர்மன், ஆஸ்திரிய, ரஷ்ய, உதுமானியப் பேரரசுகள் நான்கும் மறைந்தன. மறைவான உடன்படிக்கைகளைத் தடுக்க, உறுப்பு நாடுகள் தம் உடன்படிக்கைகளைப் பதிவு செய்ய வேண்டும் என்று உலக நாடுகள் சங்கம் விதித்தது. ஐக்கிய நாடுகள் சாசனத்தின் 102ஆம் பிரிவு அதைத் தொடர்கிறது. 1949இல் அமைந்த நேட்டோ முதலிய இன்றைய கூட்டணிகளின் முதன்மைக் கடமைகள் வெளிப்படையாக எழுதப்பட்டவை.